சாலையில் போட்ட ஓலைக்கு ஒரு சம்மன்

எண்பதுகளின் நடுவில், ஒரு மழைக்காலத்தில் நடந்தது இது. மலேசியாவில், பத்தாங் பெர்ஜுந்தைக்குப் பக்கத்தில், எண்ணெய் எடுக்கும் செம்பனைத் தோட்டம் ஒன்றின் தொழிலாளர் லயத்தில் குடியிருந்தோம். என் கணவர் செம்பனைப் பழக் குலைகளை எண்ணெய் ஆலைக்கு ஏற்றிப் போகும் லோரி டிரைவர். நான் ஆறு மாதக் கர்ப்பிணி. முதலில் ஒன்று தங்காமல் போயிருந்ததால் எதற்கெடுத்தாலும் நெஞ்சு படபடக்கும்.

அன்று காலை எனக்குக் கோல சிலாங்கூர் மருத்துவமனையில் பரிசோதனை. கணவர் எனக்கு முன்பே சுமையோடு கிளம்பிவிட்டார். குலைகள் உருண்டு விழாமல் தடுக்கும் வலையை மேலே போடவில்லை. தோட்டத்தில் யாருமே போடமாட்டார்கள். ஏறி இழுத்துக் கட்டுவதற்குள் ஆலையில் வரிசை நீண்டுவிடும் என்பார்கள். நான் சொல்லிப் பார்த்தேன். கையை ஆட்டிவிட்டுப் போனார்.

சற்று நேரம் கழித்துத் தம்பியின் மோட்டார் சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து புறப்பட்டேன். தூறல். ஒரு வளைவுக்கு முன்னால் சாலையின் குறுக்கே செம்பனை ஓலைகள் கிடந்தன. வண்டி பழுதானால் பின்னால் வருகிறவர்களுக்கு அடையாளமாக இப்படிப் போடுவது எங்கள் பக்கத்து வழக்கம். நாங்கள் யோசிப்பதற்குள் ஒருவர் கையில் ஓலையோடு ஓடிவந்தார்.

"பிரேக் போடாதே தம்பி! அப்படியே மெதுவா விடு!"

தம்பி நல்ல வேளையாகக் கேட்டான். வண்டி ஆடி ஆடிப் புல்லில் போய் நின்றது. இறங்கி வளைவுக்கு அப்பால் எட்டிப் பார்த்தேன். சாலை முழுக்கக் குலைகளும் உதிர்ந்த பழங்களும். வண்டிகள் ஏறி நசுக்கியதில் எண்ணெய் மழைநீரில் மினுமினுத்தது. பிரேக் போட்டிருந்தால் நானும் வயிற்றுப் பிள்ளையும் என்ன ஆகியிருப்போமோ.

அவர் தோட்டம் தோட்டமாக ரொட்டி விற்கும் ஒரு பாய். அவரே வண்டியோடு அதில் சறுக்கி விழுந்தவர்தான். முழங்காலில் ரத்தம். ரொட்டிப் பொட்டலங்கள் கால்வாயில் மிதந்தன. எழுந்ததும் வீட்டுக்குப் போகாமல், ஓலைகளை இழுத்துப் போட்டுவிட்டுக் குலைகளைக் காலால் ஓரம் தள்ளிக்கொண்டிருந்தார்.

அவருக்கு உதவலாம் என்று குனிந்த நான் அப்படியே நின்றுவிட்டேன். குலைத் தண்டில் வெட்டுக்காரர் எழுதும் சிவப்பு எண். எங்கள் தோட்டத்து எண். அன்று காலை அந்தப் பக்கம் போன எங்கள் தோட்டத்து லோரி ஒன்றுதான், என் கணவருடையது.

அந்த நேரம் பார்த்துப் போலீஸ்காரர் ஒருவர் வந்து இறங்கினார். ஓலையை யார் போட்டது என்று மலாயில் அதட்டினார். பாய் மறைக்காமல், "நான்தான்" என்றார். குலை கொட்டிய லோரி போய்விட்டது, ஓலை போட்டவர் கைவசம் நிற்கிறார். பொதுச் சாலையில் குப்பை போட்டு இடைஞ்சல் செய்வது குற்றமாம். அபராதச் சீட்டு எழுதும் சம்மன் புத்தகத்தைத் திறந்துவிட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

தம்பி என் கையைக் கிள்ளினான். "பேசாம இரு லா, அக்கா. மச்சான் லைசென்ஸ் போச்சுன்னா சோத்துக்கு எங்க போவீங்க?"

அவன் சொன்னதிலும் தப்பில்லை. பிள்ளை வேறு வரப்போகிறது. ஆனால் பாய் வழியும் ரத்தத்தைச் சாரத்தால் துடைத்துக்கொண்டு அடையாள அட்டையை எடுத்து நீட்டியதைப் பார்த்ததும் என் வாய் தானாகத் திறந்துவிட்டது. "அவர் மேல தப்பில்ல. கொட்டுனது எங்க வீட்டுக்காரர் லோரி" என்று தெரிந்த மலாயில் சொன்னேன். போலீஸ்காரர் என் வயிற்றையும் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு பாயின் அட்டையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு லோரி எண்ணைக் கேட்டார்.

மருத்துவமனையில் பிள்ளை நன்றாக இருக்கிறது என்றார்கள். எனக்கோ இருப்புக் கொள்ளவில்லை. வீட்டுக்கு வந்து, சோற்றை வடித்துவிட்டு வாசலுக்கும் அடுப்படிக்குமாக நடந்தேன். கணவர் வந்ததும் மூச்சு விடாமல் எல்லாவற்றையும் கொட்டினேன். குலைகள் விழுந்ததே அவருக்குத் தெரியவில்லை. சாப்பிடாமல் எழுந்து போனார். அதன் பிறகு என்னோடு பேச்சே இல்லை. கூட்டாளிகள் வேறு, பெண்டாட்டியே போட்டுக் கொடுத்துவிட்டாள் என்று கேலி செய்தார்கள். வழக்கு முடியும்வரை நான் சரியாகத் தூங்கவில்லை. கடைசியில் அபராதத்தோடு விட்டார்கள். லைசென்ஸ் தப்பியது.

மறுநாள் காலை கணவர் லோரிக்கு மேலிருந்து என்னைக் கூப்பிட்டார். வலையின் ஒரு முனை கீழே தொங்கியது.

"இந்தப் பக்கம் இழுத்துப் புடி. நாளைக்கு நீதானே வந்து சாட்சி சொல்லுவே."

சிரிப்பும் அழுகையுமாக இழுத்துப் பிடித்தேன்.

அந்தப் பாயை அதன் பிறகு நான் பார்க்கவே இல்லை. சாலையில் குப்பை போடாதே என்று சட்டம் இருக்கிறது; யாரோ கொட்டியதற்காக முழங்காலில் ரத்தம் வழிய மழையில் நில் என்று எந்தச் சட்டமும் அவருக்குச் சொல்லவில்லை. இன்றைக்கும் சாலையில் ஓர் ஓலை கிடந்தால் என் கை தானாக வயிற்றுக்குப் போகிறது, அந்தப் பிள்ளை வளர்ந்து எனக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து காரை ஓட்டிக்கொண்டிருந்தாலும்.