ஆசிரியர்கள் எங்கே தங்குகிறார்கள்?

இரண்டு வருடங்களுக்கு முன், லண்டனில், செவன் கிங்ஸில் இருக்கும் எங்கள் வீட்டு மாடியறையில் நடந்தது இது. பொக்ஸ் ரூம் என்று இங்கே சொல்லுவோம். ஒரு கட்டிலும் ஒரு மேசையும் போட்டால் அதன் கதவு முழுதாகத் திறக்காது. சும்மாதானே கிடக்கிறது என்று வாடகைக்கு விட்டிருந்தோம்.

அந்த வருடம் அதில் வந்து இருந்தவர் பசிபிக் கடலில் உள்ள ஒரு குட்டித் தீவு நாட்டுக்காரி. நாற்பது வயதுக்குப் பக்கம். எங்கள் மகளின் அறைச் சுவரில் தொங்கும் உலகப் படத்தில் தன் நாட்டைத் தொட்டுக் காட்டினார். படத்தில் ஏதோ ஊத்தை பட்டிருக்கிறது என்று நினைத்து நான் நகத்தால் சுரண்டிப் பார்த்தேன். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். ஊரில் அவர் ஆசிரியை என்பதால் அன்றைக்கே எங்கள் வழக்கப்படி அவரை 'ரீச்சர்' ஆக்கிவிட்டோம்.

ரீச்சர் இங்கே வந்தது படிக்க. அவருடைய அரசாங்கம்தான் ஒரு வருடப் படிப்புக்கு அனுப்பியிருந்தது. அந்த நாட்டில் தலைநகரத் தீவிலிருந்து நாள்கணக்கில் கப்பலில் போகவேண்டிய வெளித்தீவுகள் உண்டு. ஒவ்வொன்றிலும் ஒரு சின்னப் பள்ளிக்கூடம். அவற்றையெல்லாம் மூடிவிட்டுப் பிள்ளைகளைத் தலைநகரத்தில் விடுதியில் வைத்துப் படிப்பிப்பதா, இருக்கிற இடத்திலேயே பள்ளிகளைத் திருத்துவதா என்று அங்கே பெரிய இழுபறி. படிப்பு முடியும்போது ரீச்சர் தன் திட்டத்தை அதிகாரிகளுக்கு முன்னால் சொல்லவேண்டும். மூடலாம் என்று யோசித்த பள்ளிகளில் ஒன்றில்தான் அவருடைய ஒன்பது வயது மகளும் படித்துக்கொண்டிருந்தாள். மூடினால் அவள் பெட்டி கட்டிக்கொண்டு விடுதிக்குப் போகவேண்டியதுதான்.

எனக்கு ரயில் நிலையத்தில் ஷிப்ட் வேலை. கல்வியைப் பற்றி எனக்கு என்ன தெரியும்? ஆனாலும் லண்டன் பள்ளிக்கூடம் ஒன்றைக் காட்டிவிடவேண்டும் என்று எனக்கு ஒரே துடிப்பு. என் மகளின் பள்ளியில் பெற்றோரை அழைத்துச் சுற்றிக்காட்டும் நாள் வந்தபோது அவரையும் கூட்டிக்கொண்டு போனேன். ஆய்வுகூடம், நூலகம், இசை அறை என்று நானே கட்டியது மாதிரி காட்டிக்கொண்டு போனேன். ரீச்சர் எல்லாவற்றையும் ஆசையாகத்தான் பார்த்தார். கடைசியில் துணை அதிபரிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "உங்கள் ஆசிரியர்கள் இரவில் எங்கே தங்குகிறார்கள்?"

எனக்கு மானம் போய்விட்டது. துணை அதிபர் முதலில் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. இந்தப் பக்கத்தில் வாடகை கொடுக்கக் கட்டுப்படியாகாமல் இளம் ஆசிரியர்கள் வருவதும் போவதுமாக இருக்கிறார்கள் என்றும், விஞ்ஞான ஆசிரியர் ஒருவர் விடிவதற்கு முதலே கடற்கரைப் பக்கமிருந்து ரயிலேறி வருகிறார் என்றும் சொன்னார். அந்தப் பள்ளிக்கு ஐந்து வருடமாகப் போய்வருகிறேன், இது எனக்குத் தெரியாது. திரும்பி வரும்போது, ஏன் அப்படிக் கேட்டீர்கள் என்று விசாரித்தேன். போகிற பள்ளியெல்லாம் அதைத்தான் கேட்பேன், பதிலை வைத்து மற்றதெல்லாம் தெரிந்துவிடும் என்றார். அவ்வளவுதான் சொன்னார். எனக்கு அது மண்டைக்குள் குடைந்துகொண்டே இருந்தது.

இந்த நேரத்தில்தான் மனைவியின் தம்பி பரிஸிலிருந்து போன் அடித்தான். அங்கே இருபது வருடமாக உணவகச் சமையலறையில் வேலை செய்தவன், இனி லண்டனில் கடை போடப் போகிறேன், வாறன் என்றான். கூடப்பிறந்தவன் வருகிறேன் என்றால் எங்கள் ஆட்களிடத்தில் பேச்சுக்கே இடமில்லை. அறை அவனுக்குத்தான். ரீச்சர் வேறு இடம் பார்க்கவேண்டும். அவர் அதிகாரிகளுக்கு முன்னால் பேசும் நாளுக்கு ஒரு மாதம்கூட இருக்கவில்லை. லண்டனில் அந்த அவசரத்தில் அறை எடுப்பது எவ்வளவு பாடு என்று இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும்.

"இஞ்சேருங்கோ, நீங்களே மேல போய்ச் சொல்லுங்கோ. எனக்கு அந்த மனுசியின்ர முகத்தைப் பார்த்துச் சொல்ல ஏலாது" என்றாள் மனைவி. நல்ல காரியம் எல்லாம் அவள் சொல்லுவாள், இது மாதிரியானவை எனக்கு.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் தேநீரை எடுத்துக்கொண்டு மேலே போனேன். கட்டில் நிறையப் படங்களும் தாள்களும். கதவோரத்தில் நின்று தொண்டையைச் செருமினேன். நான் வாயைத் திறப்பதற்குள் ரீச்சர் கேட்டார், "நீங்களும் தீவில் பிறந்தவர் என்றீர்களே, உங்கள் ஆசிரியர்கள் எங்கே தங்கினார்கள்?"

நான் யாழ்ப்பாணத்துக்கு மேற்கே உள்ள ஒரு தீவில் பிறந்தவன். இந்தக் கேள்வியை என்னிடம் யாரும் கேட்டதில்லை, நானும் யோசித்ததில்லை. எங்கள் ஆசிரியர்கள் தீவில் தங்கவில்லை. காலைப் படகில் வந்து மத்தியானப் படகில் போவார்கள். எங்கள் பள்ளி மணி கடிகாரத்தைப் பார்த்து அடிப்பதில்லை, இறங்குதுறையைப் பார்த்து அடிக்கும். படகு ஊதினால் பின்னக் கணக்கு பாதியில் நிற்க, ஆசிரியர் குடையையும் மீன் பையையும் தூக்கிக்கொண்டு ஓட்டமும் நடையுமாகப் போய்விடுவார். காற்றுக் கிளம்பினால் படகு இல்லை, பள்ளியும் இல்லை. எங்களுக்கு அது கொண்டாட்டம். இதைச் சொல்லச் சொல்ல ரீச்சர் கட்டில் நுனிக்கு வந்துவிட்டார். ஒருவராவது தங்கவில்லையா, ஒருவராவது என்று கேட்டார்.

ஒருவர் தங்கினார். மட்டக்களப்பிலிருந்து நியமனம் பெற்று வந்த இளம் ரீச்சர். அவருக்குப் படகேறிப் போய்வர முடியாத தூரத்தில் வீடு. அதனால் எங்கள் அயலில் ஒரு வீட்டு அறையில் இருந்தார். ஒரு நாள் நான் பள்ளிக்குப் போகாமல் அப்பாவோடு கடற்கரையில் வலையிலிருந்து நண்டு கழற்றிக்கொண்டிருந்தேன். பொழுது சாயும் நேரம் அவர் நேரே அங்கே வந்து, என் முன்னால் குந்தியிருந்து, ஏன் வரவில்லை என்று கேட்டார். அடுத்த நாள் நான் போனேன். இனியும் வந்து கேட்பாரே என்ற கூச்சத்தில் போய்க்கொண்டே இருந்தேன். எங்கள் பள்ளியில் ஓரளவு படித்து மேலே வந்தவர்கள் எல்லாரும் அவர் இருந்த காலத்துப் பிள்ளைகள்.

"பிறகு ஏன் போனார்?" என்று கேட்டார் ரீச்சர்.

அந்த வீட்டுக்காரரின் மகனுக்குக் கலியாணம் சரிவந்துவிட்டது. அறை தேவைப்பட்டது. யாரிடமும் கெட்ட எண்ணம் இருக்கவில்லை. வேறு இடம் கிடைக்காமல் அவர் மாற்றம் வாங்கிக்கொண்டு போனார். எங்கள் வீட்டிலேயே பழைய வலை போட்டுவைத்த அறை ஒன்று இருந்தது. அதை ஒதுக்கிக் கொடுக்கலாம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. அப்பா என்னை யாழ்ப்பாணத்தில் விடுதியில் சேர்த்தார். அனுப்ப வசதியில்லாத வீட்டுப் பிள்ளைகள் படிப்பை விட்டுக் கடல் தொழிலுக்குப் போனார்கள்.

அறை தேவைப்பட்டது என்று என் வாயால் சொன்னபோதே, நான் சொல்ல வந்ததும் அதே வார்த்தைதான் என்று உறைத்தது. கையில் தேநீர் ஆறிவிட்டது. வந்த விஷயத்தைச் சொல்லாமலே கீழே இறங்கினேன்.

"சொல்லிட்டியளோ?" என்றாள் மனைவி. நடந்ததைச் சொன்னேன். அவள் யாழ்ப்பாணப் பட்டணத்தில் பிறந்தவள். எங்கள் படகுக் கதையெல்லாம் அவளுக்குப் பகிடி. அன்றைக்குச் சிரிக்கவில்லை. புட்டுக்கு மாக் குழைத்துக்கொண்டிருந்த கையைக் கழுவிவிட்டுப் போனை எடுத்தாள்.

"தம்பி, நீ வா. ஆனால் அறை இல்லை. ஹோலில சோபா கிடக்கு. ஓம், அதிலதான் படுக்கவேணும்."

எனக்கு அந்த நேரம் அவள்மேல் வந்த மரியாதையை இன்றுவரை அவளிடம் சொல்லவில்லை. இதை வாசித்தால் தெரிந்துகொள்ளட்டும்.

வந்தவன் சும்மா வரவில்லை, முறுமுறுத்துக்கொண்டுதான் வந்தான். சோபா குட்டை, அவன் நெட்டை. ஆனால் ரீச்சர் தன் பேச்சைப் பழகுவதற்கு அவனைத்தான் பிடித்தார். அவனுக்குப் பிரெஞ்சு தண்ணீர்பட்ட பாடு, ஆங்கிலம் கொஞ்சம். இவருக்கு விளங்கினால் எங்கள் அதிகாரிகளுக்கும் விளங்கும் என்றார். ஒவ்வொரு பள்ளிக்கும் பக்கத்தில் ஆசிரியருக்கு ஒரு வீடு என்பதுதான் திட்டம் என்று அவனுக்கு விளங்கியதும் என் பக்கம் திரும்பினான்.

"அதெல்லாம் சரி அத்தான், அந்த ரீச்சர்மாருக்கு அடுப்படி எங்க? மற்றவன்ர அடுப்படியில எத்தினை நாளைக்குச் சமைக்கிறது?"

நான் மொழிபெயர்த்தேன். ரீச்சர் பென்சிலை எடுத்து, வரைந்து வைத்திருந்த வீட்டுப் படத்தில் தனிச் சமையலறை ஒன்றைக் கீறினார்.

பேசும் நாளுக்கு எங்களையும் அழைத்தார். அதற்காக லண்டனுக்கு வந்திருந்த அவருடைய நாட்டு அதிகாரிகள் இரண்டு பேர் முன்வரிசையில் இருந்தார்கள். ரீச்சர் எடுத்த எடுப்பில், வேறொரு கடலில், வேறொரு தீவில், ஓர் ஆசிரியை தன் அறையைக் காலி செய்ய நேர்ந்தது என்று தொடங்கினார். நான் குனிந்து காலில் இருந்த சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். மனைவி என் கையைப் பிடித்தாள். ஓர் அதிகாரி, வீடெல்லாம் எதற்கு, கணினித் திரை வழியாகவே பாடம் நடத்தலாமே என்று கேட்டார். திரை வரட்டும், நல்லதுதான் என்றார் ரீச்சர். ஆனால் வராத பிள்ளையிடம் போய் ஏன் வரவில்லை என்று கேட்க, பின்னேரத்தில் அந்தத் தீவில் ஒருவர் இருக்கவேண்டும் என்றார்.

அன்றிரவு அவர் பெட்டி அடுக்கும்போது, அந்த அறை விஷயத்தைக் கடைசியில் சொல்லிவிட்டேன். அவருக்கு முன்பே தெரிந்திருந்தது. மைத்துனன் வந்த மூன்றாம் நாளே தன் அரைகுறை ஆங்கிலத்தில், நீங்கள் படுப்பது என் கட்டில் என்று முறைப்பாடு வைத்திருக்கிறான்.

போன வருடம் ரீச்சரிடமிருந்து ஒரு படம் வந்தது. தகரக் கூரை போட்ட சின்ன வீடு, பக்கத்தில் புகை வரும் அடுப்படி, வாசலில் கையில் பெட்டியோடு ஓர் இளம் ஆசிரியர், அவரை வரவேற்கிற பிள்ளைகளுக்கு நடுவில் ரீச்சரின் மகள். ஒரு தீவில் மட்டும் செய்து பார்க்க அனுமதி கிடைத்திருக்கிறதாம். மற்றத் தீவுகளின் கதி இன்னும் தெரியாது.

பொக்ஸ் ரூமில் இப்போது மைத்துனன் இருக்கிறான், கதவு இன்னும் முழுதாகத் திறக்காது. அந்த மட்டக்களப்பு ரீச்சர் எங்கே இருக்கிறார் என்று ஊர்க்காரர்களிடம் விசாரித்துக்கொண்டிருக்கிறேன். கண்டுபிடித்தால் அவரிடம் சொல்ல ஒரே ஒரு விஷயம்தான் இருக்கிறது: எங்கள் வீட்டில் ஒரு அறை இருந்தது, ரீச்சர்.