வஹீபின் குளியலறைக்குக் கீழே

வஹீபின் குளியலறைக்குக் கீழே நாற்பது கிலோ தங்கம் கிடைத்ததாம். பழங்காலப் பினீசிய ராஜா ஒருவன், தலைமாட்டில் ஒரு தங்கக் காளையோடு படுத்திருந்தானாம். காப்பி விற்கும் ஸுஹைர் என்னிடம் சொன்னான். அவனுக்கு முடிவெட்டுகிறவர் சொன்னாராம். அவருக்கு யார் சொன்னது என்று கேட்டேன்.

"யாரோ சொல்லியிருக்காங்க. நீ அவரு வீட்டு மாடியிலதானே இருக்கே, உனக்குத் தெரியாமலா? மழுப்பாதப்பா. ராஜா வீட்டுக் குடித்தனக்காரன், இன்னைக்குக் காப்பி உன் செலவு!"

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. லெபனானின் இந்தச் சைதா நகரத்தில் இப்படி ஒரு பேச்சு கிளம்பினால் முதலில் வருவது போலீசா, மண்வெட்டிக் கூட்டமா என்று சொல்ல முடியாது. ஆண்டுதோறும் வதிவிட அனுமதிக்கு வரிசையில் நிற்கிற என்னைப் போன்றவனுக்கு இரண்டுமே நல்லதில்லை.

வஹீப் குழாய்க்காரர். பதினான்கு வயதில் இறங்கிய வேலை. இந்தப் பகுதியின் கழிவுக்குழிகளில் பாதி அவர் தோண்டியவை. எந்தக் குழாய் எந்தச் சுவருக்குள் திரும்புகிறது என்பது நகராட்சியைவிட அவருக்கு நன்றாகத் தெரியும். நாணயத்தால் சுவரைத் தட்டி, காதை வைத்துக் கேட்டு, கசிவு எங்கே என்று சொல்லிவிடுவார். ஆனால் மனிதர்களிடம் பேச வராது. அந்த வீட்டில் பேசுகிறவர் அண்ணன் ஃபவ்வாஸ்தான். உள்நாட்டுச் சண்டைக் காலத்தில் கப்பலேறி ஆப்பிரிக்காவில் ஆபிஜானுக்குப் போனவர், அங்கே துணிக்கடை வைத்தார். வெள்ளிக்கிழமை தவறாமல் போன் செய்வார். அவர் பேசுவார், வஹீப் "ம்" கொட்டுவார். வீடு அப்பா இருவருக்குமாக விட்டுப்போனது. அதைப் பற்றி அவர்களுக்குள் ஒரு வார்த்தை வந்ததில்லை.

இந்தக் கோடையில் ஃபவ்வாஸ் ஒரேயடியாகத் திரும்புவதாக இருந்தார். இரண்டு மூட்டும் போய்விட்டன, படி ஏற முடியாது. அவருக்காகத்தான் வஹீப் கீழ்த்தளத்தில் குளியலறை கட்டத் தொடங்கினார். குழி தோண்டிய மூன்றாம் நாள் கடப்பாரை கல்லில் மோதியது.

நானும் இறங்கிப் பார்த்தேன். கல்லால் ஆன சவப்பெட்டி. மூடியின் ஒரு மூலை எப்போதோ உடைபட்டிருந்தது. எங்களுக்கு முன்பே யாரோ வந்து போயிருக்கிறார்கள். டார்ச் அடித்தோம். எலும்புகள், வாய் கருகிய ஒரு மண்விளக்கு. வேறொன்றும் இல்லை.

வஹீப் கையைத் துடைத்துக்கொண்டு ஃபாத்திஹா ஓதினார்.

"அண்ணே, இவரு வேற சாமி கும்பிட்டவரு."

"இருக்கட்டும் தம்பி. செத்துப்போனவன்தானே. யாராவது ஓதணும்ல."

மூடிமேல் இருந்த எழுத்துகளை மட்டும் போனில் படம் எடுத்தார். உள்ளே எடுக்க மனம் வரவில்லை. "தூங்குறவனைப் படம் புடிக்கிற மாதிரி இருக்கு" என்றார். உடைந்த மூலைமேல் ஒரு தகரத்தை வைத்து, அன்று மாலையே கான்கிரீட் ஊற்றினார். இங்கே எல்லோரும் செய்கிற காரியம்தான். தொல்பொருள் துறைக்குத் தெரிந்தால் வேலை நின்றுவிடும். அடுத்த தெருவில் ஒரு வீடு ஒன்பது ஆண்டாகத் தகர வேலிக்குள் கிடக்கிறது. அண்ணன் வருவதற்கோ ஐந்து வாரம்தான் இருந்தது.

அந்த அவசரமே வினையாகிவிட்டது. கலவை இயந்திரம் பொழுது சாய்கிற நேரத்தில் வந்ததைத் தெரு பார்த்தது. ஒன்றுமில்லாததை எவன் இப்படி மூடுவான்? வஹீப் "ஒண்ணுமில்ல" என்றார், மறைக்கிறார் என்றார்கள். பேசாமல் இருந்தார், ஆள் வைத்துப் பேரம் நடக்கிறது என்றார்கள். வாடிக்கை வீடுகள் அவரைக் குழி தோண்டக் கூப்பிடுவதை நிறுத்தின. அதைக்கூடப் பொறுத்துக்கொண்டார். பேச்சு ஆபிஜான் போய்ச் சேர்ந்ததைத்தான் தாங்க முடியவில்லை.

"டேய் வஹீப், ஊரே சொல்லுது, நீ மட்டும் சொல்லல" என்று ஃபவ்வாஸின் குரல் பதிவு வந்தது. வஹீப் மூடியின் படத்தை அனுப்பினார்.

"மூடியைக் காட்டுற. உள்ள இருந்ததை ஏண்டா காட்டல? எனக்கு அதுல ஒரு துண்டுகூட வேணாம். நீ எங்கிட்ட மறைக்கிறியே, அதுதான்..." பதிவு அங்கேயே அறுந்திருந்தது.

அந்த வெள்ளிக்கிழமை போன் வரவில்லை. அடுத்த வெள்ளியும் வரவில்லை. வஹீப் பாதிச் சாப்பாட்டில் எழுந்து போய்க் கான்கிரீட் தரைமேல் நிற்பார். திரும்ப வந்து உட்கார்வார். மறுபடி எழுவார். பயணச்சீட்டைத் தள்ளிப்போட்டுவிட்டதாக அண்ணன் மகள் எழுதியிருந்தாள்.

வரலாறு சொல்லித்தரும் ஹனாதி டீச்சரிடம் அந்தப் படத்தை நான்தான் கொண்டுபோனேன். பழைய எழுத்து படித்தவர். பாதியைத்தான் அவரால் வாசிக்க முடிந்தது.

"எங்கிட்ட வெள்ளி, தங்கம் எதுவும் கிடையாது, திறக்காதேங்கிற மாதிரி போகுது. நம்ம ஊரு பழைய ராஜா ஒருத்தரோட சவப்பெட்டியிலயும் இப்படித்தான் எழுதியிருக்கு."

"அப்புறமும் ஏன் டீச்சர் உடைச்சாங்க?"

"இல்லைன்னு எழுதி வச்சா எவன் நம்புவான்?"

வீட்டுக்கு வந்து சொன்னபோது வஹீப் சிரிப்பார் என்று நினைத்தேன். "கல்லுல வெட்டி வச்சும் நம்பலையா?" என்று மட்டும் கேட்டார். பிறகு போனை எடுத்து, எழுத்துக்கூட்டி எழுதுகிறவர்போல மெதுவாக அண்ணனுக்குச் செய்தி அனுப்பினார்: வெள்ளிக்கிழமை மூணு மணிக்கு வீடியோ கால் பண்ணு, உன் கண்ணாலயே பாரு.

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து கான்கிரீட் உடைக்கிற இயந்திரத்தோடு வந்தார். அவர் மனைவி நஜ்லா வாசலில் குறுக்கே நின்றார்.

"பைத்தியமா உங்களுக்கு? இந்தச் சத்தத்துக்குத் தெருவே வந்து நிக்கும். பின்னாடியே தொல்பொருள் ஆபீஸ்காரன் வருவான். உங்க அண்ணன் வந்து எங்க குளிப்பாரு, கடல்லயா?"

"குளியலறை போனா போகுது நஜ்லா. அவரு வரணும்ல."

போனை என் கையில் கொடுத்துவிட்டு இயந்திரத்தை முடுக்கினார். சுவர் அதிர்ந்தது. மேலே என் அறையில் ஏதோ விழுந்து உடைந்தது. மூன்றுக்கு இன்னும் பத்து நிமிடம் இருக்கும்போதே கையில் போன் துடித்தது. திரையில் ஃபவ்வாஸின் முகம். அதே நேரம் வெளிக்கதவை யாரோ தட்டினார்கள்.

"அண்ணே, அவருதான்! எடுக்கட்டுமா?"

இயந்திரத்தை நிறுத்தாமலே வேண்டாம் என்று தலையை ஆட்டினார். முகமெல்லாம் வெள்ளைத் தூள். "இரு தம்பி, இன்னும் ஒரு சாண்தான். மறுபடியும் மூடினதையே காட்டச் சொல்றியா?"

கதவுத் தட்டல் பலமானது. நஜ்லா போகவில்லை, நானும் போகவில்லை. கான்கிரீட்டுக்கு அடியில் தகரத்தின் ஓரம் தெரியத் தொடங்கியிருந்தது. என் கையில் போன் அடித்துக்கொண்டே இருந்தது.