டவர் வளைவில் பார்த்த புல்தரை ஆட்டம்

இரண்டு வருடங்களுக்கு முன்பு, மலையில் பலாப்பழம் ஓய்கிற சமயம். கரியாலூரிலிருந்து கச்சிராயபாளையம் இறங்கும் சாயங்கால பஸ்ஸில் நடந்தது இது.

நான் எட்டாவதோடு படிப்பை விட்டவன். அதற்கப்புறம் ஓர் இடத்தில் ஒரு வருடம் சேர்ந்தாற்போல் இருந்ததில்லை. ஓட்டலில் மாவாட்டியிருக்கிறேன், செங்கல் சூளையில் மண் மிதித்திருக்கிறேன், லாரி கிளீனராக வடநாடு வரை போயிருக்கிறேன். அப்போது மலையில் ஒரு தோட்டத்துக்கு முள்கம்பி வேலி போடும் வேலை முடிந்திருந்தது. அன்று ராத்திரி சின்னசேலத்திலிருந்து கிளம்பும் போர் வண்டியில் எனக்கு இடம் சொல்லி வைத்திருந்தார்கள். ஆழ்துளைக் கிணறு போடும் அந்த வண்டி ஒரு தடவை கிளம்பினால் மாதக்கணக்கில் வெளி மாநிலங்களில் சுற்றும். சோற்றுக்குப் பஞ்சமிருக்காது. அதைத் தவறவிடக் கூடாது என்று முதல் ஆளாக ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தேன்.

அந்தப் பாதையில் பஸ் போகிறவர்களுக்கு ஒரு வழக்கம் தெரியும். மலையில் பாதி இடங்களில் போன் எடுக்காது. கீழே கோமுகி அணைத் தண்ணீர் தெரிகிற ஒரு கொண்டை ஊசி வளைவில் மட்டும் நன்றாக எடுக்கும். டவர் வளைவு என்றுதான் அதற்குப் பெயர். டிரைவர் அங்கே வண்டியை ஓரம் கட்டி ஒரு பீடி பற்றவைப்பார். அது அணைகிற வரைக்கும் ஊர் மொத்தமும் பேசிக்கொள்ளலாம். கேரளாவில் மிளகு பறிக்கப் போன புருஷனோடு ஒருத்தி சண்டை போடுவாள், பக்கத்திலேயே ஒருவர் மகளுக்குப் பிரசவமாகிவிட்டதா என்று கேட்பார். பீடி அணைந்ததும் எல்லாரும் பாதிப் பேச்சில் ஏறிவிடுவார்கள்.

என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் கள்ளக்குறிச்சியில் பைப், மோட்டார் கடை வைத்திருக்கும் ஒரு பாய். ஒரு தோட்டத்துக்குக் குழாய் அளவெடுக்க வந்துவிட்டுத் திரும்பிக்கொண்டிருந்தார். ஏறியதிலிருந்து போனைத் தட்டுவதும் ஜன்னலுக்கு வெளியே நீட்டுவதுமாக இருந்தார். டவர் வளைவு வந்தது. எல்லாருக்கும் எடுத்தது, அவருக்கு மட்டும் எடுக்கவில்லை. அவருடையது வேறு கம்பெனி சிம்.

"உங்க போன்ல நெட் வருதாபா? கொஞ்சம் கொடுங்களேன். எங்க தம்பி ஆடிக்கினு இருக்கான்."

"இன்னா ஆட்டம் பாய்?"

"டென்னிஸ். இங்கிலாந்துல."

பஸ் மொத்தமும் எங்கள் பக்கம் திரும்பியது. பிறகு அவரே சொன்னார். தம்பி சின்ன வயதிலேயே சென்னையில் மாமா வீட்டில் வளர்ந்தவராம். மாமா வேலை பார்த்த கிளப்பில் பந்து பொறுக்கிப் போட்டு, அப்படியே ஆடக் கற்றுக்கொண்டு, இப்போது நாடு நாடாகப் போய் ஆடுகிறாராம். ஜெயித்தால் அடுத்த ஊருக்கு வழி, தோற்றால் கைக்காசு. அன்றைக்கு நடந்தது அங்கே ஒரு கடற்கரை ஊரில் ஆண்களுக்கான தொழில்முறைப் போட்டி, முதல் சுற்று. புல்தரையில் ஆடுவது. டி.வி.யில் காட்ட மாட்டார்கள், நெட்டில்தான் வரும்.

"இன்னிக்கு தோத்தான்னா வூட்டுக்கு வந்துடணும். கடையில உக்காரணும். நான்தான் சொல்லிட்டேன். அவனும் சரின்னுட்டான்" என்றார் பாய்.

முன் சீட்டில், விற்காமல் மிஞ்சிய ஒரு பலாப்பழத்தை மடியில் வைத்துக்கொண்டு ஓர் அக்கா உட்கார்ந்திருந்தார். அந்த வளைவுக்குப் பக்கத்து ஊர்க்காரர். சட்டென்று திரும்பினார். "நீ இன்னா பாய் நெனைக்கிற? ஜெயிக்கணும்னா, தோக்கணும்னா?"

"ஒண்டி ஆளா கடைய இழுக்க முடியலக்கா. தெரியல" என்றார் பாய். தம்பி ஆடி அவர் இதுவரை ஒரு தடவைகூடப் பார்த்ததில்லையாம். ஆட்ட நேரமெல்லாம் கடை நேரமாம்.

என் போனில் படம் வந்துவிட்டது. பச்சைப் பசேலென்று புல். அதில் இரண்டு பேர், இருவரும் மேலிருந்து கீழ் வரை வெள்ளை உடுப்பு, வெள்ளைத் தொப்பி. எதிராளியும் இந்தியாவிலிருந்து போனவர்தானாம். என் போன் கண்ணாடி வேறு விரிசல் விட்டது, ஸ்கோர் எழுத்து அந்த விரிசலுக்கு அடியில் மாட்டிக்கொண்டது.

"கீழ நிக்கிறான் பாருங்க, அவன்தான் எங்க தம்பி" என்று பாய் விரலை வைத்தார்.

அவ்வளவுதான். பஸ்ஸே என் சீட்டைச் சுற்றிக் கூடிவிட்டது. கீழே நிற்பவர் அடித்த பந்து எதிரே போய் விழுந்து எழும்பாமல் திரும்பி வராவிட்டால் ஒரே கூச்சல். புல்லில் பந்து தரையோடு வழுக்கிக்கொண்டு ஓடியது. நான் ஒரு சமயம் கோயம்புத்தூரில் ஒரு கிளப் கேன்டீனில் தட்டு கழுவியிருக்கிறேன். அங்கே டென்னிஸ் ஆடுவார்கள். அதனால் பஸ்ஸிலேயே விவரம் தெரிந்தவன் நான்தான்.

"பதினஞ்சு, முப்பது, அப்புறம் நாப்பது" என்று விளக்கினேன்.

"நாப்பத்தஞ்சுதானே வரணும்? அஞ்சு எங்க போச்சு?" என்று கேட்டார் டிரைவர். எனக்குத் தெரியவில்லை. அவர் இரண்டாவது பீடியைப் பற்றவைத்தார். அந்தப் பாதையில் அப்படி நடந்து நான் பார்த்ததே இல்லை.

கொஞ்ச நேரம் நாங்கள் பாட்டுக்குக் கத்திக்கொண்டிருந்தோம். பாயும் தொடையைத் தட்டித் தட்டி, "அடிடா! அப்படித்தான்டா!" என்றார். அப்போது பலாப்பழத்து அக்கா கண்ணைச் சுருக்கிக்கொண்டு கேட்டார்.

"பாய், உன் தம்பிக்கு எந்தக் கை பழக்கம்?"

"இடக்கைக்கா. சின்னதுல கடையில வெச்சப்போ இடக்கையாலயே சில்லறை நீட்டுவான். வாங்கறவங்க கோவிச்சுக்குவாங்க. எங்கம்மா அந்தக் கையிலயே அடிக்கும்."

"அப்ப கீழ நிக்கிறவன் சோத்துக்கையால அடிக்கிறானே?"

நான் உற்றுப் பார்த்தேன். வலது கைதான். அப்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது. டென்னிஸில் கொஞ்ச நேரத்துக்கு ஒரு தடவை பக்கம் மாறிக்கொள்வார்கள். மாறி எவ்வளவு நேரமாயிற்றோ! கீழே நிற்பவர் எதிராளி. நாங்கள் பஸ்ஸோடு சேர்ந்து எதிராளிக்குக் கைதட்டிக்கொண்டிருந்தோம்.

பஸ் குலுங்கக் குலுங்கச் சிரித்தது. "கூடப் பொறந்தவனையே தெரியல, இவரு மோட்டார்ல ரிப்பேர் எங்க கண்டுபுடிப்பாரு?" என்று பின்சீட்டிலிருந்து யாரோ கத்தினார்கள். பாயும் சிரித்தார், ஆனால் முகம் சிவந்துவிட்டது. போனைக் கண்ணுக்குக் கிட்டக் கொண்டுபோய் மேலே இருந்த அந்தச் சின்ன உருவத்தையே பார்த்தார். அப்போது திரை முழுவதும் பெரிய எழுத்தில் போட்டார்கள், தம்பி முதல் செட்டைத் தோற்றிருந்தார். மூன்றில் இரண்டு செட் எடுப்பவருக்குத்தான் வெற்றி. இனி இரண்டையும் எடுத்தாக வேண்டும்.

இரண்டாவது செட்டில் அந்த இடது கை என்னவோ செய்ய ஆரம்பித்தது. அது போட்ட சர்வீஸ் எல்லாம் புல்லில் பட்டுக் கோணலாக விலகி ஓடின. எதிராளி கையை நீட்டினால் பந்து ஒரு முழம் தள்ளிப் போனது. ஒவ்வொன்றுக்கும் நாங்கள், "போச்சு! போச்சு!" என்று கத்தினோம். கேரளாவுக்குப் பேசிக்கொண்டிருந்த பெண், "இரு, அப்புறம் பேசறேன், மேட்ச் பாக்கறேன்" என்று புருஷனின் போனையே வைத்துவிட்டார். தம்பி அந்தச் செட்டை எடுத்தார். அதற்குள் பீடிக் கட்டில் பாதியைத் தீர்த்திருந்த டிரைவர் ஹாரனை அழுத்தி ஒரு நீள ஒலி விட்டார்.

மூன்றாவது செட் பாதியில் ஆட்டம் நின்றது. பத்துப் பதினைந்து பேர் ஓடி வந்து பெரிய படுதா ஒன்றை இழுத்துப் புல் முழுவதையும் மூடினார்கள்.

"இன்னா ஆச்சு?"

"மழை" என்றேன்.

"தூறலுக்கா?" அக்காவுக்குக் கோபமே வந்துவிட்டது. "புல்லு நனைஞ்சா இன்னா? நனையத்தானே புல்லு மொளைக்குது!"

டிரைவர் மணியைப் பார்த்தார். "அங்க மழைன்னா நான் இங்க இன்னா பண்றது பாய்? கீழ ஜனம் காத்துக்கினு இருக்கும். ஏறுங்க." அவரைக் குறை சொல்ல முடியாது. வளைவைத் தாண்டினால் அணைக்கட்டு வரைக்கும் போன் எடுக்காது.

பாய் என் போனை என்னிடம் நீட்டினார். வேறு ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் முடியாது என்றுகூடச் சொல்லியிருப்பேனோ என்னவோ. நான் துணிப்பையை எடுத்துக்கொண்டு கீழே இறங்கிவிட்டேன். ஏன் என்று இன்றுவரை சரியாகச் சொல்லத் தெரியவில்லை. எனக்கு அந்த ஆட்டத்தின் முடிவு தெரிந்தாக வேண்டும், அவ்வளவுதான். பாயும் பின்னாலேயே இறங்கினார். அதற்குப் பின்னால் பலாப்பழம் இறங்கியது, அதைச் சுமந்தபடி அக்கா. "எனக்கு ஊரு பக்கம்தானே, நடந்து பூடுவேன்" என்றார். பஸ் போய்விட்டது. போர் வண்டியும் அதோடு போனது என்று எனக்குத் தெரியும்.

வளைவின் தடுப்புச் சுவரில் உட்கார்ந்தோம். மலையில் நான் வேலி போட்டதைப் பார்த்திருந்த அக்கா, இடுப்பிலிருந்த கத்தியால் பழத்தைப் பிளந்தார். "வேலிக்காரா, நீ தொடாத. பிசினு ஒட்டிக்கினா போன் தேய்க்க முடியாது" என்று சொல்லி என்னைக் கையைக் கட்டி உட்காரவைத்து, சுளையைக் கொட்டை எடுத்து வாயிலேயே போட்டார். பாய்க்கு இரண்டு சுளைக்கு மேல் இறங்கவில்லை. படுதாவையே பார்த்துக்கொண்டிருந்தார்.

படுதாவை எடுத்தார்கள். அதே சமயம் டவர் மக்கர் செய்தது. சுவர்மேல் ஏறி நின்று கையை உயர்த்தினால்தான் படம் ஓடியது. நான் அப்படியே நின்றேன். அவர்கள் இருவரும் அண்ணாந்து பார்த்தார்கள். தோள் வலி உயிர் போனது. கையை ஓர் அங்குலம் இறக்கினால், "தூக்குயா! தூக்குயா!" என்று இரண்டு குரல்.

அவர் ஒரு ஆட்டம், இவர் ஒரு ஆட்டம் என்று கடைசி வரை சமமாகவே போயிற்று. முடிவில் யார் முதலில் ஏழு புள்ளி எடுக்கிறார்களோ, அதுவும் இரண்டு கூடுதலாக இருக்க வேண்டும் என்கிற கட்டம் வந்தது. தம்பி ஒரு பந்துக்குப் பாய்ந்து, புல்லில் நெஞ்சு தேய விழுந்து, விழுந்தபடியே வலைக்கு அந்தப் பக்கம் தட்டிப் போட்டார். வெள்ளைச் சட்டையில் பச்சைக் கறை. பாய் எழுந்து நின்றுவிட்டார். "யா அல்லா, எழுந்துருடா! எழுந்துரு!" என்று மலை எதிரொலிக்கக் கத்தினார். ஜெயிக்கணுமா தோக்கணுமா என்று அப்போது யாராவது கேட்டிருந்தால் அவர்களைப் பள்ளத்தில் தள்ளியிருப்பார்.

அடுத்த பந்துக்குத் தம்பி கையைத் தூக்கினார். படம் நின்றுவிட்டது. நடுவில் வட்டம் சுற்றியது. சத்தம் மட்டும் வந்தது. பந்து சத்தம், மறுபடி பந்து சத்தம், பிறகு ஒரே கைதட்டல். நான் சுவரின் நுனி வரை போனேன். பாய் என் காலைப் பிடித்துக்கொண்டார். படம் திரும்ப வந்தபோது இருவரும் வலைக்குப் பக்கத்தில் கை குலுக்கிக்கொண்டிருந்தார்கள்.

"யாரு சிரிக்கிறான் பாரு!" என்றார் அக்கா.

தம்பிதான் சிரித்தார். சட்டைக் கறையை எதிராளியிடம் காட்டிக் காட்டிச் சிரித்தார். நாங்கள் மூவரும் கத்திய கத்தலில் மரத்திலிருந்த குரங்குகள் ஓடின. அக்கா பிசின் கையோடு பாயின் முதுகில் அறைந்தார். அப்புறம் திரை முழுவதும் பெரிய எழுத்தில் முடிவைப் போட்டார்கள். நான் எழுத்துக்கூட்டிப் படித்தேன். இரண்டாவது தடவையும் படித்தேன்.

"தோத்துட்டார், பாய்."

பாய் போனை வாங்கி அந்தப் படத்தையே பார்த்தார். தம்பி பையைத் தோளில் போட்டுக்கொண்டு, இன்னும் சிரித்தபடி, யாருக்கோ கையாட்டிக்கொண்டு போனார்.

"தோத்துட்டு எப்படிக்கா சிரிக்கிறான்?" என்றார். "கடையில ஒரு நாள்கூட இந்த மூஞ்சிய நான் பாத்ததில்ல."

அக்கா மீதிச் சுளைகளை இலையில் மடித்துக்கொண்டிருந்தார்.

பாய் என் போனிலிருந்தே தம்பிக்கு வாட்ஸ்அப்பில் செய்தி அனுப்பினார். கொஞ்ச நேரத்தில் அழைப்பு வந்தது. அங்கேயிருந்து, "அண்ணே, தோத்துட்டேன். சொன்ன மாதிரி டிக்கெட் போட்டு வந்துடறேன்" என்ற குரல் எங்களுக்கும் கேட்டது.

"நான் பாத்தேன்டா" என்றார் பாய்.

"எத?"

"மழை நின்னப்புறமும் இருந்து பாத்தேன். விழுந்தியே, கையில அடி கிடி பட்டுச்சா?"

டவர் போய்விட்டதோ என்று நான் எட்டிப் பார்த்தேன். போகவில்லை.

"சரி, அடுத்தது எந்த ஊர்ல?" என்றார் பாய்.

அதற்குத் தம்பி என்ன சொன்னார் என்று எனக்குக் கேட்கவில்லை. அக்கா போட்ட விசிலில் காது அடைத்துவிட்டது.

பழ லாரி ஒன்றை மறித்து, மூட்டைமேல் உட்கார்ந்து நானும் பாயும் இறங்கினோம். வழியெல்லாம் இருவரும் அந்தக் கடைசிப் பந்து எப்படிப் போயிருக்கும் என்றே பேசிக்கொண்டு வந்தோம். போர் வண்டி போய்விட்டிருந்தது. அன்று சின்னசேலம் ஸ்டேஷனில் படுத்தேன், அடுத்த வாரம் வேறு வேலை கிடைத்தது. அதெல்லாம் எனக்குப் பழக்கம்தான். பழக்கமில்லாத ஒன்றும் அன்றோடு ஒட்டிக்கொண்டது. எந்த ஊரில் யார் எந்த ஆட்டம் ஆடினாலும், தோற்கப் போகிறவர் யார் என்று தெரிந்த பிறகுதான் நான் இன்னும் கெட்டியாக உட்கார்ந்து, அவர் களத்தை விட்டு வெளியே வருகிற வரைக்கும் பார்க்கிறேன்.