குரங்குக் கதைக்கு வயலின்

எங்கள் லயத்து வரிசை வீடுகளிலேயே பெரிய வாய்க்காரி அம்மாதான். சாந்தன்பாறைப் பக்கத்து எஸ்டேட்டில் ஏலக்காய் எடுத்தே என்னையும் தங்கையையும் ஆளாக்கினவள். அப்பா போன பிறகு யாராவது "பாவம்" என்று இழுத்தால் அங்கேயே வாயை அடைத்துவிடுவாள்.

அவளிடம் ஒரு குரங்குக் கதை உண்டு. கைக்குழந்தையாயிருந்த தங்கையை ஏலத்தோட்டத்து மரத்தில் தொட்டில் கட்டிப் போட்டுவிட்டு அம்மா காய் எடுத்துக்கொண்டிருந்தாளாம். குரங்கு ஒன்று சோற்றுத் தூக்குவாளியோடு மரமேறிவிட்டது. அம்மா அண்ணாந்து நின்று திட்டத் திட்ட, அது மூடியைத் திறந்து மோந்து பார்த்து, மூஞ்சியைச் சுளித்து, வாளியை அவள் காலடியிலேயே போட்டதாம். "நான் வச்ச கொழம்பு கொரங்குக்கே புடிக்கல" என்று முடிப்பாள். லயமே வயிற்றைப் பிடித்துக்கொள்ளும். கிறிஸ்துமஸுக்குக் கேக் வெட்டினால் இந்தக் கதையைக் கேட்காமல் யாரும் எழுந்திருக்க மாட்டார்கள்.

தங்கை டிவி பாட்டுப் போட்டிக்குத் தேர்வானதும், எங்களைப் படம்பிடிக்க ஆட்கள் வந்தார்கள். நல்ல சேலையில் நின்ற அம்மாவை, வேலைக்குப் போடும் அழுக்குச் சட்டையை மாட்டச் சொன்னார்கள். மாட்டிக்கொண்டாள். குரங்குக் கதையைக் கையைக் காலை ஆட்டிச் சொன்னாள். கேமராக்காரரே சிரித்தார்.

ஒளிபரப்பான அன்று எங்கள் வீட்டில் உட்கார இடமில்லை. திரையில் அம்மா முகம் வந்தது, கூடவே வயலின். சீரியலில் மருமகளை வீட்டைவிட்டுத் துரத்தும்போது இழுப்பார்களே, அதே இழுவை. சோற்றைக் குரங்கு கொண்டுபோனதை அம்மா சொல்கிறாள், புல்லாங்குழலும் சேர்ந்து அழுகிறது, நடுவர் கண்ணைத் துடைக்கிறார். குழம்பு வரவே இல்லை. வெட்டிவிட்டார்கள், பாவிகள்.

அம்மா என் பக்கம் திரும்பினாள். "ஏட்டி, நான் சிரிச்சிக்கிட்டுல்லா சொன்னேன்?"

சுற்றியிருந்தவர்கள் மூக்கை உறிஞ்சிக்கொண்டிருந்தார்கள். அத்தனை பேருக்கும் அந்தக் கதை மனப்பாடம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

தங்கை அடுத்த சுற்றிலேயே தோற்றுத் திரும்பிவிட்டாள். அது போகட்டும். ஒளிபரப்பான வாரத்து ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் பூசை முடிந்து வரும்போது, ஒருத்தி பழைய சேலையொன்றை அம்மா கையில் திணித்தாள். வாய்க்காரிக்கு அன்றைக்கு வாய் வரவில்லை.

போன கிறிஸ்துமஸில் கேக் வெட்டியதும், பக்கத்து வீட்டு அக்கா பழக்கதோஷத்தில் குரங்குக் கதையைக் கேட்டுவிட்டாள். அம்மாவும் உற்சாகமாகத் தொடங்கினாள். தொட்டில் கட்டிய இடம்கூட வரவில்லை, அதற்குள் அந்த அக்காவே முந்தானையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். அம்மா பாதியிலேயே நிறுத்திக்கொண்டாள்.

"கேக் எடுத்துக்கிடுங்க" என்று தட்டை நீட்டினாள். அதற்குப் பிறகு அந்தக் கதையை அவள் சொல்லி நான் கேட்கவில்லை.