இரண்டு நாற்பத்தொன்றுகள்

இன்று காலை எங்கள் லேபில் பார்கோடு ஒட்டும் இயந்திரம் ஒரு மணி நேரம் படுத்துவிட்டது. ஸ்டிக்கர் வரவில்லை என்றால் எங்களுக்குக் கை கால் ஓடாது. மாதிரிகள் வரிசையில் நிற்க, ஆளாளுக்கு அந்தப் பெட்டியைத் தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தோம். பக்கத்து மேஜையில் இருக்கும் பெண் கேட்டாள்: "மேடம், இது வர்றதுக்கு முன்னாடி நம்பர் எப்படிப் போடுவீங்க?"

"கையாலதான்" என்றேன். வேறு எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் முழுக்கதையையும் சொல்ல வேண்டியிருக்கும். அவளிடம் சொல்லாததை உங்களிடம் சொல்கிறேன்.

அப்போது நான் வேலைக்குச் சேர்ந்து இரண்டு வருடம்கூட ஆகவில்லை. திருத்தணியில் வீடு, திருப்பதியில் வேலை. தினமும் பாசஞ்சர் ரயில். கண்ணாடிச் சில்லில் தடவிச் சாயம் ஏற்றிய செல்களை மைக்ரோஸ்கோப்பில் பார்த்து, எது சரியில்லையோ அதன் பக்கத்தில் மையால் ஒரு புள்ளி வைப்பது என் வேலை. புள்ளி வைத்ததை டாக்டர் ஹேமலதா பார்த்து முடிவு எழுதுவார். அவரும் புதுசு. எனக்கு நான்கு வயது மூத்தவர், அவ்வளவுதான். தெலுங்கும் தமிழும் ஒரே வாக்கியத்தில் பேசுவார்.

வீட்டில் நான் என்ன வேலை செய்கிறேன் என்று யாருக்கும் புரியவில்லை. நைனா அக்கம்பக்கத்தில், "எம் பொண்ணு ரத்தம் எடுக்குது" என்று சொல்லிக்கொண்டிருந்தார். நான் ரத்தமே எடுப்பதில்லை என்று எத்தனை தடவை சொன்னாலும் அதேதான். ரயிலில்கூட விளக்கிப் பார்த்திருக்கிறேன். ஒடிந்த எலும்புக்குக் கட்டுப் போடும் புத்தூர் வந்ததும் கையிலும் காலிலும் மூங்கில் தப்பை வைத்துக் கட்டியவர்கள் ஏறுவார்கள். பெட்டி முழுக்கப் பச்சிலையும் முட்டையும் கலந்த வாசனை. எங்கே விழுந்தோம், எப்படி ஒடிந்தது என்று சத்தமாகப் பேசிக்கொண்டு வருவார்கள். அவர்களைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் பொறாமையாக இருக்கும். ஒடிந்தது ஒடிந்தது என்று தெரிகிறது, வலிக்கிறது, ஓடி வருகிறார்கள். நான் தேடுவதோ வலிக்காத ஒன்றை.

அந்த ஜூன் மாதம் சித்தூர் பக்கம் ஒரு மாம்பழக்கூழ் ஃபாக்டரியில் பெண்களுக்குப் புற்றுநோய்ப் பரிசோதனை முகாம் போட்டோம். கர்ப்பப்பை வாயிலிருந்து மரக்குச்சியால் லேசாக வழித்து எடுத்து, சில்லில் தடவி, உடனே ஆல்கஹால் ஜாடியில் போட வேண்டும். சில்லின் ஓரத்தில் எண்ணைக் கீறுவது என் பொறுப்பு. வைர முனை வைத்த பென்சிலால் கீறினால் எந்தச் சாயத்திலும் அழியாது. பெயரும் எண்ணும் பதிவேட்டில் இருக்கும்.

சாப்பாட்டுக் கொட்டகையில் புடவையைத் திரையாகக் கட்டியிருந்தோம். வெளியே கூழ் காய்ச்சும் வாசனை. அதை மணம் என்று சொல்வதா, நாற்றம் என்று சொல்வதா என்று இன்றும் எனக்குத் தெரியாது. முதல் பத்து நிமிடம் சொர்க்கம், அப்புறம் தலைவலி. இடைவேளைக்கு இருபது பேர் ஒரே மூச்சில் வந்தார்கள். சூபர்வைசர் வாசலில் நின்று, "த்வரகா, த்வரகா" என்று விரட்டிக்கொண்டிருந்தார். யாரோ ஒரு புண்ணியவதி கிளிமூக்கு மாங்காயைக் கீற்றாக நறுக்கி, உப்பு மிளகாய் தூவி என் பக்கம் நீட்டினாள். இடது கையால் வாங்கித் தின்றுகொண்டே வலது கையால் எண்ணைக் கீறினேன். அதைச் சொல்ல இன்றும் கூச்சமாக இருக்கிறது. ஆனால் அப்படித்தான் நடந்தது.

பத்து நாள் கழித்துத் திருப்பதியில் அந்தச் சில்லுகளைப் பார்த்துக்கொண்டு வந்தேன். நல்ல செல்களைப் பார்ப்பது ஒரு சுகம். அகலமாக, மெல்லிசாக, ஓரம் லேசாக மடங்கி, ரோஜா நிறத்திலும் பச்சையும் நீலமும் கலந்த நிறத்திலும் பரந்து கிடக்கும். ஒவ்வொன்றின் நடுவிலும் மிளகு அளவில் உட்கரு. நாற்பத்தொன்றாம் சில்லு அப்படித்தான் இருந்தது. எழுதி முடித்து அடுத்ததை எடுத்தேன்.

அதில் ஓர் ஓரத்தில் சின்னச் சின்ன செல்கள் கும்பலாக இருந்தன. உட்கரு மிளகாக இல்லை. செல்லின் உள்ளே இடமே விடாமல் அடைத்துக்கொண்டிருந்தது. கருத்து, திப்பி திப்பியாக, விளிம்பு கசங்கிப் போய். புத்தகத்தில் படமாகப் பார்த்திருக்கிறேன். நேரில், நானாகக் கண்டுபிடித்தது அதுதான் முதல் தடவை. வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்கு முதலில் வந்தது சந்தோஷம். புள்ளி வைத்தேன். எண்ணைப் பதிய ஓரத்தைப் பார்த்தேன். நாற்பத்தொன்று.

முன்னால் பார்த்ததை மறுபடி எடுத்தேன். அதிலும் நாற்பத்தொன்று. பெட்டியைக் கவிழ்த்துத் தேடினேன். நாற்பத்திரண்டு என்று ஒரு சில்லே இல்லை. பதிவேட்டில் 41 ரேணுகா, 42 முனியம்மா. ஒரே எண்ணை இரண்டு பேருக்கும் கீறிவிட்டிருக்கிறேன்.

ஹேமலதாவின் அறைக்குள் இரண்டு சில்லையும் எடுத்துப் போய் வைத்து, மாங்காய் உட்பட எல்லாவற்றையும் சொன்னேன். அவர் மைக்ரோஸ்கோப்பில் நெடுநேரம் பார்த்தார்.

"இது கான்சர் இல்ல. விட்டா ஆகலாம், சில வருஷத்துல. இப்பவே எடுத்துட்டா ஒண்ணும் இல்ல" என்றார். பிறகு நிமிர்ந்து, "ஆனா யாரோடதும்மா இது?" என்றார்.

"தெரியல மேடம்."

"முந்து ரெண்டு பேரையும் தேடு. திட்டுறது தரவாத்த."

அந்தத் திட்டு அப்புறமும் வரவே இல்லை. வந்திருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

ரேணுகாவைக் கண்டுபிடிப்பது சுலபமாக இருந்தது. சித்தூரை ஒட்டிய கிராமம், வீட்டில்தான் இருந்தாள். இருபத்தெட்டு வயது இருக்கும். மறுநாளே திருப்பதிக்கு வந்தாள். மறுபடி எடுத்தோம், டாக்டரும் நேரில் பரிசோதித்தார். முடிவு வர மூன்று நாள். அந்த மூன்று நாளும் அவள் சாப்பிடவில்லை என்று அவள் அம்மா சொன்னார். எல்லாம் சரியாக இருக்கிறது என்று சொன்னதும் அழுதாள். அழுது முடித்து என்னைப் பார்த்துச் சொன்னாள்: "உன் கைல எழுத்து தப்பினா எங்க உசுரு போய்ட்டு வருதேம்மா."

ஆக, அது முனியம்மாவுடையது.

நான் ஃபாக்டரிக்குப் போனபோது சீசன் முடிந்து தொட்டிகளைக் கழுவிவிட்டிருந்தார்கள். முனியம்மா எங்கே என்று கேட்டதும் மேஸ்திரிக்குச் சந்தேகம். "ஏன், ஏதாச்சும் நோவா?" என்றார். ஒரு பெண்ணின் உடம்பைப் பற்றி மேஸ்திரியிடம் சொல்ல முடியுமா? பதிவேட்டில் கையெழுத்து விட்டுப்போச்சு என்று பொய் சொன்னேன். தமிழ்க்காரப் பெண்கள் நாலைந்து பேர் பலமனேரில் தக்காளி மண்டிக்குப் போயிருக்கிறார்கள் என்றார்.

மறுநாள் மொகிலி மலைப்பாதையில் பஸ் ஏற ஏறக் காற்று குளிர்ந்தது. எனக்கு மட்டும் வேர்த்தது. என்ன சொல்லப் போகிறேன் என்று வாய்க்குள்ளேயே ஒத்திகை பார்த்துக்கொண்டு போனேன். பக்கத்து சீட்டுக்காரர், நான் கோவிந்தா நாமம் சொல்கிறேன் என்று நினைத்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

மண்டியில் தக்காளிக் குவியல் முன்னால் முனியம்மா குந்தியிருந்தார். நாற்பது வயது, ஒல்லி, கழுத்தில் மஞ்சள் கயிறு. என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டார்.

"நீ கேம்ப்புல மாங்கா துன்னுக்கினு இருந்த பொண்ணு இல்ல?"

ஒத்திகை எல்லாம் மறந்துபோயிற்று. அவர் பக்கத்தில் நானும் குந்தினேன். ஒருவருக்கும் கேட்காத குரலில் சொன்னேன். கர்ப்பப்பை வாயில் கொஞ்சம் செல் மாறியிருக்கிறது, திருப்பதிக்கு வந்து காட்ட வேண்டும்.

"எனக்கு நோவே இல்லியேம்மா. கை ஒடிஞ்சா புத்தூருக்குப் போவேன். ஒண்ணுமே ஒடியல, இன்னாத்துக்கு வரணும்?"

"இப்ப நோவாதுக்கா. நோவு வந்தப்புறம் வந்தா ரொம்ப நேரமாயிடும்."

"இத அன்னிக்கே ஏன் சொல்லல? கேம்ப்பு முடிஞ்சி எத்தினி நாளாச்சி?"

இங்கேதான் நான் வேறு ஏதாவது சொல்லியிருக்கலாம். பஸ் ஸ்ட்ரைக், லீவு, என்னவாவது. சொல்லத் தோன்றவில்லை. "நம்பர் நான் தப்பாப் போட்டேன்கா. உன்னுதும் இன்னொருத்தருதும் மாறிடுச்சி. அவங்களுது நல்லாக் கீது. அதனால…"

"அதனால என்னுது."

கை தன்பாட்டில் தக்காளியைப் பிரித்துக்கொண்டே இருந்தது. பழுத்தது ஒரு கூடை, பாதி பழுத்த காய்வெட்டு ஒரு கூடை. கரும்புள்ளி விழுந்த ஒன்று வந்தது. அதைத் தனியாகத் தூக்கி எறிந்தவர், எறிந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"புள்ளி வுளுந்தத வுட்டா பக்கத்துல கீறதெல்லாம் பூடும். அப்டியா?"

"அப்டித்தான்கா. இப்போ எடுத்துட்டா மிச்சத்துக்கு ஒண்ணும் ஆவாது."

"என் வூட்டுக்காரரு கைல நீ எதுவும் சொல்லாத. நான் சொல்லிக்கிறேன்." எழுந்து புடவையை உதறினார். "ஆனா தப்பு உன்னுது. துணைக்கு நீதான் வரணும்."

வந்தேன். எல்லாவற்றுக்கும் நான்தான் கூட இருந்தேன். மறுபரிசோதனையிலும் அதே செல்கள். கொஞ்சம் சதை எடுத்துப் பார்த்தார்கள், அதிலும் அதேதான், ஆனால் மேல் அடுக்கைத் தாண்டவில்லை. சரியான நேரம் என்றார் டாக்டர். சிகிச்சைக்கு முந்தின நாள் முனியம்மா அக்கா லேபுக்கு வந்து, "அது எப்டிக் கீதுன்னு நான் பாக்கணும்" என்றார். ஒருவரும் அப்படிக் கேட்டதில்லை. ஹேமலதா நாற்காலியை விட்டு எழுந்து அவரை உட்கார வைத்தார்.

முதலில் அக்காவுக்கு மைக்ரோஸ்கோப்பில் தன் இமைமயிர்தான் தெரிந்தது. குமிழைத் திருகிக் கொடுத்தேன். சட்டென்று மூச்சைப் பிடித்தார்.

"இதா நானு?"

"எல்லாம் உன்னுதுதான்கா. இந்தப் பக்கம் பெருசு பெருசாக் கீதே, அது நல்லது. புள்ளி வெச்ச எடத்துல கீறது மட்டும்தான் கெட்டது."

"எத்தினியோ நல்லதுதான் கீது" என்றார். கண்ணை எடுக்காமல் மறுபடியும் சொன்னார்: "நல்லதுதான் ஜாஸ்தி."

கெட்டுப்போன பகுதியை மட்டும் எடுத்தார்கள். அரை மணி நேர வேலை. மதியம் அவருக்கு இட்லி வாங்கப் போன நான், சாம்பார் பொட்டலத்தை ரோட்டில் போட்டேன். ஆறு மாதம் கழித்து வந்த சில்லை நானே பார்த்தேன். இரண்டு முறை, மூன்று முறை, ஓரம் ஓரமாக. மிளகு மிளகாக உட்கருக்கள். புள்ளி வைக்க ஓர் இடம் இல்லை. அன்று திருத்தணி ரயிலில் ஏறி உட்கார்ந்ததும் வாய்விட்டு அழுதேன். பக்கத்தில் காலில் தப்பை கட்டியிருந்த அம்மாள், "எங்க ஒடிஞ்சிச்சி கண்ணு?" என்று கேட்டார்.

அதற்குப் பிறகு அவர் வருடா வருடம் வந்தார். அறை வாசலில் இருந்த மரப்பெஞ்சில் மஞ்சள் பையோடு உட்கார்ந்திருப்பார். முடிவை வாங்கியதும் போய்விட மாட்டார். மகளுக்கு பெங்களூரில் தையல் கம்பெனியில் வேலை கிடைத்தது, வீட்டுக்காரர் குடியை விட்டது, மறுபடி பிடித்தது, மறுபடி விட்டது, எல்லாம் சொல்வார். ஒரு தடவை ரேணுகாவையும் கையோடு கூட்டி வந்தார். சின்னவளுக்கு என்மேல் கோபம் ஆறியிருந்தது. ஆனால் நான் எண் கீறும்போது பக்கத்தில் நின்று பார்த்துவிட்டுத்தான் போனாள்.

இன்று அந்தக் கூழ் ஃபாக்டரி இல்லை. வண்ணக் கற்கள் நட்டு மனையாக விற்கிறார்கள். புடவைத் திரைக்குப் பின்னால் பெண்களை வரிசையில் நிறுத்தும் முகாமும் குறைந்துவிட்டது. இப்போது அவர்களே எடுத்துக் கொடுக்கலாம், அதற்கு ஒரு குச்சி வந்துவிட்டது. செல் மாறுவதற்கு முன்பே, அதை மாற்றும் கிருமி இருக்கிறதா என்று சொல்லிவிடுகிறார்கள். பெண் பிள்ளைகளுக்குத் தடுப்பூசியும் இருக்கிறது. முனியம்மா அக்கா தன் பேத்திக்குப் போட்டுவிட்டதாகக் கேள்வி. ரிப்போர்ட் எல்லாம் போனிலேயே போய்விடுவதால் மரப்பெஞ்சையும் எடுத்துவிட்டார்கள்.

கடைசியாக அவர் வந்தது அந்தப் பெஞ்சை எடுப்பதற்கு முந்தின வருடம். இத்தனை வருடமாக எல்லாம் நன்றாக இருப்பதால் இனி மூன்று வருடத்துக்கு ஒரு தடவை போதும், மகள் வீட்டுக்குப் பக்கத்திலேயே பார்த்துக்கொள்ளலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அக்கா வெளியே வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"அப்போ உன்ன எப்டிப் பாக்குறது?" என்றார்.

"பாக்காம இருந்தாத்தான்கா நல்லது."

என்னை முறைத்தார். அப்புறம் சிரித்துவிட்டார். பஸ்ஸுக்கு நேரமிருந்தும் எழுந்து, மஞ்சள் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் வேகமாகப் படியிறங்கிப் போனார். அதற்குப் பிறகு அவர் வரவில்லை.