அழிந்துபோகாத கல்தேயர்

“நாம எந்தத் தமிழ் ஆளுங்கம்மா?” என்று மகள் கேட்டு மூன்று நாளாகிறது. அவளுடைய முதலாம் வகுப்பு விண்ணப்பத்தில் ‘இனம்’ என்ற கட்டத்தின் முன் பேனாவோடு உட்கார்ந்திருந்தேன். அடுப்படியில் அம்மா சுட்டுக்கொண்டிருந்த பிஸ்கட்டின் பேரீச்சம்பழ, ஏலக்காய் வாசனை என்னைப் பத்து வயதுக்கு, இலங்கை மலைநாட்டில் வட்டகொடைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தின் ‘லயத்து’ வரிசை வீட்டுக்குக் கொண்டுபோய்விட்டது.

அப்போதுதான் அம்மா ஜோர்தானில் மூன்று வருடம் வீட்டுவேலை செய்துவிட்டுத் திரும்பியிருந்தார். அவருடைய எசமானர்கள் ஈராக்கிலிருந்து வந்து குடியேறிய கல்தேயக் கத்தோலிக்கர்கள். பேரீச்சம்பழம் வைத்துச் சுருட்டிய ‘கிலேச்சா’ பிஸ்கட்டை ஒரு தகர டின் நிறையக் கொடுத்தனுப்பியிருந்தார்கள். எனக்குக் கல்தேயர் என்றால் விவிலியத்தில் ஆபிரகாம் புறப்பட்டு வந்த நாட்டுக்காரர்கள். “ஒட்டகத்த எங்கம்மா கட்டுவாங்க?” என்று கேட்டேன்.

“அவங்க வீடு அஞ்சாம் மாடிடி. ஒட்டகம் லிஃப்டுல ஏறாது” என்றார் அம்மா.

ஞாயிற்றுக்கிழமை மாதா கோயிலில் நடக்கும் ‘ஞானோபதேச’ மறைக்கல்வி வகுப்புக்கு இரண்டு பிஸ்கட்டைக் கொண்டுபோய், ஆபிரகாமின் சொந்தக்காரர்கள் தந்தது என்று காட்டினேன். “அவங்கல்லாம் எப்பவோ அழிஞ்சு போயிட்டாங்க. கோயில்ல பொய் சொல்லலாமா?” என்று டீச்சர் என்னைப் பெஞ்சில் ஏற்றிவிட்டார். அடுத்த வாரம் பூசை முடிந்ததும் அம்மா டின்னோடு அவரிடம் போனார்.

“மூணு வருசம் அவங்க சட்டி பானைய தேச்சேன் டீச்சர். அழிஞ்சு போனவங்களா அவ்வளவு சாப்பிட்டாங்க?”

டீச்சர் சிரித்தபடி ஒன்றை எடுத்துத் தின்றார், இன்னொன்றும் எடுத்தார்.

ஜோர்தான் வீட்டு மருமகள் அரபியில் விளக்கியதை வைத்து அம்மா ஒரு கதை சொல்வார். வீட்டுப் பெரியவர் தங்களைப் பாபிலோன் பரம்பரை என்பாராம். மகனோ, பழைய கல்தேயர் இருந்தது தெற்கே, நம் கிராமங்கள் வடக்கே, ரோமைத் திருச்சபையோடு சேர்ந்த பிறகு வந்த பெயர்தானே இது, நாம் அசீரியர் என்பாராம். மருமகள், ஈராக் அரசாங்கப் பதிவில் அரபு என்றுதானே போட்டிருந்தார்கள் என்று இருவர் வாயையும் அடைப்பாராம். மூவரும் ஒரே மொழியில், இயேசு பேசிய அரமேயத்தின் வழிவந்த மொழியில், சண்டை போட்டுவிட்டு, ஒரே தட்டில் கிலேச்சா எடுப்பார்களாம். ஒருநாள் மருமகள் அம்மாவைப் பார்த்து, நீ இந்தியாவா சிலோனா என்று கேட்டாராம்.

“ரெண்டும்னு சொல்றாங்க மேடம், ரெண்டும் இல்லன்னும் சொல்றாங்கன்னேன். கையில இன்னொரு பிஸ்கட்ட வச்சாங்க.”

அந்தக் குடும்பம் பிறகு கடல் கடந்து எங்கோ போய்விட்டது; கிறிஸ்து பிறப்பு நாளான நத்தாருக்கு வரும் தொலைபேசி அழைப்பும் நின்றது. டின் துருப்பிடித்து, லயத்துக் கூரை ஒழுகிய இடத்தில் சில காலம் தண்ணீர் பிடித்து, காணாமல் போனது. அம்மா சுடப் பழகிய பிஸ்கட் மட்டும் மிஞ்சியிருக்கிறது.

கட்டம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது. தோட்ட வேலைக்கு இந்தியாவிலிருந்து வந்தவர்களின் வழி என்பதால் என் பிறப்புச் சான்றிதழில் ‘இந்தியத் தமிழர்’, கணவருடையதில் ‘இலங்கைத் தமிழர்’. இந்த மலைநாடுதான் நம் ஊர், மலையகத் தமிழர் என்றே எழுது என்று தம்பி தொலைபேசியில் அதட்டுகிறான். எதை எழுதினால் நாளைக்குப் பிள்ளைக்கு இடைஞ்சல் வருமோ என்று மூன்று நாளாக யோசிக்கிறேன். ஒருவேளை அளவுக்கு மீறித்தான் யோசிக்கிறேனோ என்னவோ. “பென்சில்ல எழுதுடி” என்கிறார் அம்மா. பேனாவால் மட்டுமே நிரப்ப வேண்டுமாம். திங்கட்கிழமை ஹட்டன் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். உங்கள் பிள்ளைக்கு நீங்கள் எதை எழுதினீர்கள்? ஏன் என்று பிள்ளை கேட்டபோது என்ன சொன்னீர்கள்? தயவுசெய்து எனக்கும் சொல்லுங்கள்.