ஐந்து விநாடிக் காற்று

ஆள்காட்டி விரலை நாக்கில் தொட்டு, தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு, மிஸ் யூலா காற்றைத் திட்டிக்கொண்டிருந்தார். "இப்ப எதுக்குப் பின்னாலேருந்து தள்ளறே? பொண்ணு தானா ஓடிக்குவா, உனக்கென்ன அவசரம்?" பிறகு விரலைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினார். "ஒண்ணு புள்ளி ஒண்ணு. வேணும்னா பந்தயம் கட்டு, மண்ணுக்காரா." கருவி ஒன்று புள்ளி இரண்டு என்று காட்டியது. "மெஷினுக்கு வயசாயிடுச்சு," என்றார்.

மண்ணுக்காரன் நான்தான். கிங்ஸ்டனில் தேசியத் தடகளப் போட்டி நடக்கும் நான்கு நாளும் தாண்டல் குழியின் மணலை வாரிச் சமப்படுத்துவது என் வேலை. ஓடுபாதையின் ஓரத்தில் ஒரு குட்டி நாற்காலியில் உட்கார்ந்து காற்றை அளப்பது மிஸ் யூலாவின் வேலை. முழுப் பெயர் யூலலி பின்னக், வயது ஐம்பத்தெட்டு. மற்ற நாட்களில் ஓல்டு ஹார்பரில் பள்ளிச் சீருடை தைக்கிறார். இருபத்திரண்டு வருஷமாக அதே நாற்காலி, அதே இடம். தெரியாத்தனமாக யாராவது அதில் உட்கார்ந்துவிட்டால் தொலைந்தார்கள். "எழுந்திரு, எழுந்திரு. உன் மாமியார் வீட்டுச் சோபான்னு நெனச்சியா?"

வேலை என்னவோ சின்னதுதான். தாண்ட வருகிறவர் ஓடிவந்து ஒரு வெள்ளை அடையாளத்தைக் கடக்கும்போது பொத்தானை அழுத்த வேண்டும். கருவி ஐந்து விநாடி காற்றை அளந்து ஓர் எண்ணைக் காட்டும். அதைத் தாளில் எழுத வேண்டும், அவ்வளவே. ஆனால் பின்காற்று பலமாகி அந்த எண் இரண்டைத் தாண்டிவிட்டால், அல்லது எண்ணே இல்லாமல் போனால், உள்ளூரில் பதக்கம் கொடுப்பார்கள். உலகப் போட்டிக்குத் தகுதி என்று ஒருத்தரும் ஏற்கமாட்டார்கள்.

இதற்காக அந்த அம்மாள் படும் பாட்டைப் பார்த்தால் சிரிப்பு வரும். போட்டி முடியும்வரை ஒரு மிடறுக்கு மேல் தண்ணீர் குடிக்கமாட்டார், நடுவில் எழுந்து போக நேர்ந்துவிடும் என்று. மதியம் கறி அப்பத்தைப் பிட்டுத் தின்பதும் இடது கையால்தான். உள்ளே மாட்டுக்கறி வைத்த எங்கள் ஊர் அப்பத்தில் எண்ணெய் சொட்டும். வலது கட்டை விரல் வழுக்கிவிடக் கூடாதாம். வீராங்கனைகளின் எண் அவர் மனதில் நிற்காது, தையல்தான் நிற்கும். "அந்த இடுப்புப் பட்டி சுருண்ட பொண்ணு", "அந்தக் கை முட்டுல ஒட்டுப் போட்ட பொண்ணு" என்பார். நானும் புரிந்துகொள்வேன்.

எங்கள் ஜனங்களுக்கு ஓட்டம் என்றால் உயிர். மும்முறைத் தாண்டலை யார் பார்க்கிறார்கள்? அதிலும் பெண்கள் நூறு மீட்டர் இறுதி என்றால் ஜூஸ் விற்கிறவன்கூடப் பெட்டியை மூடிவிட்டுத் திரும்பிவிடுவான். அதனால் எங்கள் குழியில் ஒரு வழக்கம். நூறு மீட்டர்க்காரர்கள் கோட்டுக்கு வந்ததும், எங்கள் நடுவர் எபாங்க்ஸ் சார் ஓடுபாதையின் நடுவே ஓர் ஆரஞ்சுக் கூம்பை வைப்பார். ஓட்டம் முடியும்வரை யாரும் தாண்டக் கூடாது. தாண்டுகிறவர்களின் கவனம் சிதறக் கூடாது என்று வெளியில் சொல்லிக்கொள்வோம். பொய். நாங்களும் பார்க்க வேண்டாமா?

சனிக்கிழமை மாலை ஜானெல் ஸ்கார்லெட்டுக்கு ஐந்தாவது தாண்டல். இருபத்தொன்பது வயது. மான்டவில் ஆஸ்பத்திரியில் நோயாளிகளைத் தள்ளுவண்டியில் கொண்டுபோகும் வேலை. நாட்டுக்காக ஒருமுறையாவது வெளியே போக வேண்டும் என்று நான்கு வருஷமாக முட்டி மோதுகிறாள். ஒரு வருஷம் நான்கு சென்டிமீட்டரில் போயிற்று, இன்னொரு வருஷம் இரண்டில். இந்தத் தடவை வேண்டியது பதினான்கு மீட்டர் இருபது.

"இதான் கடைசி, மிஸ் யூலா. அடுத்த வருஷம் லீவு தரமாட்டேன்னுட்டாங்க."

"வாயை மூடிக்கிட்டுப் போய்த் தாண்டு புள்ள. தோள்ல சட்டை பிடிக்குது பாரு, எந்தக் குருடன் தச்சான்?"

நூறு மீட்டர்க்காரர்கள் வந்தார்கள். கூம்பு வைத்தாயிற்று. அங்கே ஒருத்தி துப்பாக்கிக்கு முன்பே பாய்ந்துவிட்டாள். சிவப்பு அட்டை காட்டினார்கள், அவள் போகமாட்டேன் என்று தரையில் உட்கார்ந்துவிட்டாள், கூட்டம் ஊளையிட்டது. இது முடியப் பத்து நிமிஷம் ஆகும் என்று நினைத்து எபாங்க்ஸ் சார் கூம்பை எடுத்துவிட்டார். ஜானெலுக்குத் தாண்டக் கொடுத்த ஒரு நிமிஷக் கடிகாரம் ஓட ஆரம்பித்தது. அவள் கைதட்டிக்கொண்டு கிளம்பினாள்.

அதே நேரத்தில் அந்தப் பிடிவாதக்காரி சட்டென்று எழுந்து போய்விட்டாள். துப்பாக்கி வெடித்தது.

நான் திரும்பினேன். மறைப்பானேன், வாரியைக் கீழே போட்டுவிட்டே திரும்பினேன். மைதானமே எழுந்து அலறியது. எபாங்க்ஸ் சார் மட்டும் கால் மிதித்து எம்பும் பலகையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை; அவருக்குத் தூரத்தில் இருப்பது எப்படியும் தெரியாது. என் முதுகுக்குப் பின்னால் மணல் தொப்பென்றது. பார்த்தால் ஜானெல் குழியின் கடைசியில் கிடக்கிறாள். அவ்வளவு தூரத்தில் நான் மணல் வாரியதே அபூர்வம். தாண்டல் செல்லும் என்று வெள்ளைக் கொடி உயர்ந்தது. அளந்தார்கள். பதினான்கு இருபத்தாறு!

நான் கத்திக்கொண்டே மிஸ் யூலாவிடம் ஓடினேன். அவர் கட்டை விரல் பொத்தான் மேல் இருந்தது. கருவியில் எண் இல்லை. வெறும் கோடுகள்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. யார் தவறவிட்டாலும் நம்புவேன், மிஸ் யூலாவா?

"திரும்பிட்டேன், மண்ணுக்காரா," என்றார். உதடு மட்டும் அசைந்தது. "துப்பாக்கிச் சத்தம் கேட்டுச்சு. கழுத்து தானாத் திரும்பிடுச்சு."

எபாங்க்ஸ் சார் குனிந்து கருவியைப் பார்த்தார். பார்த்ததும் அவர் முகம் வெளுத்துப்போயிற்று. கூட்டம் இன்னும் கொம்பு ஊதிக்கொண்டிருந்தது. எங்கள் மூவரைத் தவிர யாருக்கும் தெரியாது. அவர் குரலைத் தாழ்த்தினார்.

"இதுக்கு முன்னால தாண்டினவளுக்கு எவ்வளவு?"

"ஒண்ணு புள்ளி ரெண்டு."

"அப்ப ஒண்ணுன்னு எழுது, யூலா. நான் கையெழுத்துப் போடறேன். கூம்பை எடுத்தது என் தப்பு."

நானும் சொன்னேன். வெட்கமில்லாமல் சொன்னேன். "எழுதுங்க, மிஸ் யூலா. காத்து அவ்வளவுதான் இருந்துச்சு, உங்களுக்கே தெரியும். பாவம் அந்தப் பொண்ணு."

"தெரியும்," என்றார். "ஒண்ணுக்கு மேல இருக்காது. சத்தியமா இருக்காது." பேனாவை எடுத்தார். எழுதுவதற்குள் கை இரண்டு தடவை நின்றது. எழுதிவிட்டுத் தாளைத் திருப்பிக் காட்டினார்: காற்று அளவு இல்லை.

அடக் கடவுளே! அந்த நிமிஷம் எனக்கு வந்த ஆத்திரத்தில் நாற்காலியோடு அவரைக் கவிழ்த்திருப்பேன். இருபத்திரண்டு வருஷத்தில் ஒரு தடவை தப்புச் செய்துவிட்டு, அதைச் சரிக்கட்ட வழி இருந்தும், தண்டனையை அந்தப் பெண் தலையில் கட்டுகிறாரே! எபாங்க்ஸ் சார் தொப்பியைக் கழற்றி மறுபடி மாட்டினார்.

மிஸ் யூலா எழுந்து நேராக ஜானெலிடம் போனார். அவள் மணலோடு மணலாகச் சிரித்துக்கொண்டு யாரையோ கட்டிப்பிடித்திருந்தாள்.

"புள்ள, உன் தாண்டலுக்குக் காத்து அளவு இல்ல. நான் பொத்தானை அமுக்கல. ஓட்டத்தைப் பாத்துட்டேன்."

ஜானெல் சிரித்தபடியே நின்றாள். அது உள்ளே இறங்க நேரம் பிடித்தது. "விளையாடாதீங்க, மிஸ் யூலா."

"விளையாடல."

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால்கூடத் தேவலை. "இன்னும் ஒரு தாண்டல் இருக்கில்ல?" என்றாள். குரல் தேங்கின தண்ணீர் மாதிரி அசையாமல் இருந்தது. அவளுடைய முறை வந்தபோது மிஸ் யூலா பொத்தானில் இரண்டு கட்டை விரலையும் வைத்துக்கொண்டு, இமைக்காமல் அந்த வெள்ளை அடையாளத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கன்னத்தில் நீர் ஓடியது, துடைக்கவில்லை. ஜானெல் ஓடிவந்தாள். காற்று பூஜ்யம் புள்ளி ஏழு. தூரம் பதிமூன்று தொண்ணூற்றெட்டு. கால் செத்துப்போயிருந்தது, யார் பார்த்தாலும் தெரியும்.

முதலிடம் அவளுக்குத்தான். யாரும் கைதட்டவில்லை, எல்லாரும் நூறு மீட்டர் ஜெயித்தவளைச் சுற்றி நின்றார்கள்.

ஜானெல் மெதுவாக நடந்து வந்து மிஸ் யூலாவின் எதிரே நின்றாள். அடித்துவிடுவாள் என்று நினைத்து நான் பக்கத்தில் போனேன்.

"அந்த ஓட்டத்துல யாரு ஜெயிச்சா?" என்று கேட்டாள்.

மிஸ் யூலா வாயைத் திறந்தார். "தெரியல, புள்ள," என்றார். "நீ பலகைல மிதிச்ச சத்தம் கேட்டு மறுபடி உன் பக்கமே திரும்பிட்டேன்."

ஜானெல் குழியின் விளிம்பில் பொத்தென்று உட்கார்ந்தாள். ஆணிச் செருப்பின் நாடாவை அவிழ்க்கப் பார்த்தாள், முடிச்சு இறுகியிருந்தது, முடியவில்லை. மிஸ் யூலா நாற்காலியைத் தள்ளிவிட்டு, அவள் முன்னால் மணலில் முழந்தாளிட்டார். முடிச்சைப் பல்லால் கடித்து இழுத்து அவிழ்த்தார். செருப்பைக் கழற்றி, கவிழ்த்து, உள்ளிருந்த மணலைத் தட்டிக் கொட்டினார். ஜானெல் வேறெங்கோ பார்த்தபடி, மற்றக் காலையும் நீட்டினாள்.